கண்ணை மூடிக்கொண்டு பதில் சொல்லுங்கள்

மென்பொருள் எழுதும் வேலையில் இருபது வருடத்துக்கு மேல் இருக்கிறேன். பேர்லில் ஆரம்பித்து, ஜாவாவில் நெடுங்காலம் குடித்தனம் நடத்தி, பைத்தானுக்கு மாறி, இப்போது கோ என்கிற மொழியில் வந்து நிற்கிறேன். ஒவ்வொரு மொழி வந்தபோதும், "இதைக் கற்றுக்கொண்டால் போதும், ரிட்டயர் ஆகும்வரை கவலையில்லை" என்று யாராவது ஒரு மேனேஜர் சொல்லியிருக்கிறார். அப்படிச் சொன்னவர்களில் பாதிப் பேருக்கு இப்போது வேலை இல்லை. போன வருடம் எனக்கும் போயிற்று. நாங்கள் எழுதுவதைத் தானே எழுதித் தரும் ஏஐ கருவி ஒன்றை ஆபீசில் கொண்டுவந்தார்கள். அதை எப்படிப் பயன்படுத்துவது என்று எங்களுக்கு வகுப்பு எடுத்தார்கள், கேக் வெட்டினார்கள். சில மாதம் கழித்து எங்கள் டீமில் பாதிப் பேரை ஒரே வீடியோ காலில் கூப்பிட்டு, நன்றி சொல்லி, நோட்டீஸ் கொடுத்துவிட்டார்கள். அந்தக் கேக்கை வாயெல்லாம் பல்லாகத் தின்றதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

சம்பளம் நிற்பதைக்கூடச் சமாளித்திருப்பேன். சமாளிக்க முடியாதது அப்பாவின் மருத்துவக் காப்பீடு. அப்பா கோலார் தங்கவயலில் சுரங்கத்துக்குள் இறங்கி வேலை பார்த்தவர். சுரங்கத்தை மூடி எத்தனையோ வருடம் ஆகிவிட்டது, அங்கே உள்ளே போன தூசி இன்னும் அவர் நுரையீரலில்தான் இருக்கிறது. வீட்டில் ஆக்ஸிஜன் மெஷின் ஒன்று அவர் பக்கத்திலேயே நாள் முழுக்க ஓடும். குளிர் தொடங்கினால் ஆஸ்பத்திரியில் சேர்க்கும்படி ஆகிவிடும். அந்த வயதில், அந்த நுரையீரலோடு இருக்கும் ஒருவரைத் தனியாகக் காப்பீட்டில் சேர்த்துக்கொள்ள யாரும் தயாராக இல்லை. நான் கேட்காத இடமில்லை, கெஞ்சாத ஆளில்லை. கம்பெனி தன் ஊழியர்களுக்கு மொத்தமாக எடுக்கும் காப்பீட்டில் மட்டும், பெற்றோர் என்று பெயரைக் கொடுத்தால் மறுபேச்சில்லாமல் சேர்த்துக்கொள்வார்கள். என் நோட்டீஸ் காலம் முடிகிற அன்றைக்கு அதுவும் முடிந்துவிடும். அதற்குள் வேறொரு வேலை கிடைத்தே ஆக வேண்டும்.

எலெக்ட்ரானிக் சிட்டியில் இருந்த பெரிய வீட்டை விட்டுவிட்டு, தொம்மலூரில் பழைய ஊருக்குள் ஒரு சின்ன வீட்டுக்கு மாறினோம். முதல் மாடி. ஒரு ஹால், கதவில்லாத ஒரு சமையலறை, அவ்வளவுதான். ஆஸ்பத்திரி பக்கம் என்பது ஒன்றே வசதி. அம்மா போய்ச் சேர்ந்து நாளாகிவிட்டது. நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. வீட்டில் நானும் அப்பாவும்தான்.

நாற்பதைத் தாண்டிய பெண்ணை இந்த ஊரில் இன்டர்வியூவுக்குக் கூப்பிடுவதே பெரிய விஷயம். கூப்பிட்டவர்களும் என் அனுபவத்தைப் பார்த்து, "ரொம்ப அதிகம்" என்றார்கள், ஏதோ நான் சாப்பாட்டில் உப்பைக் கொட்டிவிட்ட மாதிரி. ஒரே ஒரு கம்பெனியில் மட்டும் கடைசிச் சுற்றுவரை போனேன். வீடியோ காலில், காலை பதினோரு மணிக்கு. அன்றைக்கு அப்பா எனக்கு முன்னால் எழுந்து, சவரம் செய்து, இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு ஜன்னலோரம் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். மூக்கில் ஆக்ஸிஜன் குழாய். "இன்டர்வியூ உனக்கா எனக்காப்பா?" என்று கேட்டதற்கு, "எனக்குந்தான்" என்றார்.

திரையில் இரண்டு பேர். ஒருவர் தாடி வைத்தவர், வேலை கிடைத்தால் எனக்கு மேனேஜராக வரப்போகிறவர். இன்னொருத்தி இளம்பெண். பேச்சு முழுக்க ஆங்கிலத்தில்தான். முதல் அரை மணி நேரம் நன்றாகவே போயிற்று. கேட்டதற்கெல்லாம் தடுமாறாமல் பதில் சொன்னேன். கிடைத்துவிடும் போலிருக்கிறதே என்று உள்ளுக்குள் ஒரு துடிப்பு வந்தது. அப்போது தாடிக்காரர் முகம் மாறியது.

"நீங்கள் அடிக்கடி இடது பக்கம் பார்க்கிறீர்கள்" என்றார்.

அவர் என்ன நினைக்கிறார் என்று எனக்கு உடனே புரிந்தது. இப்போதெல்லாம் கேட்கிற கேள்வியைக் காதால் கேட்டுப் பதிலை எழுதிக் காட்டும் கருவிகள் வந்துவிட்டன. அதைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, யோசிப்பது போல முகத்தை வைத்துப் படிக்கிறார்கள். கேள்வி கேட்பவர்கள் பதிலைவிடக் கண்மணியைத்தான் அதிகம் கவனிக்கிறார்கள். பழைய வேலையில் நானே இரண்டு பேரை அப்படிப் பிடித்திருக்கிறேன். ஆகவே அவர்மேல் கோபப்பட எனக்கு நியாயமில்லை. இருந்தாலும் பட்டேன்.

நான் பார்த்துக்கொண்டிருந்தது அப்பாவின் நெஞ்சை. அது ஏறி இறங்குகிறதா என்று கொஞ்ச நேரத்துக்கு ஒரு தரம் பார்ப்பது எனக்குப் பழகிப்போய்விட்டது, பார்க்கிறேன் என்பதே எனக்குத் தெரியாது. அங்கே என் அப்பா உட்கார்ந்திருக்கிறார் என்று சொன்னேன். அறையைச் சுற்றிக் காட்டச் சொன்னார். லேப்டாப்பைத் தூக்கி மெதுவாகத் திருப்பினேன். சமையலறை மேடையில் கழுவாத பாத்திரம், கொடியில் காயும் துணி, இன்னும் பிரிக்காத அட்டைப் பெட்டிகள், கடைசியில் அப்பா. கேமரா தன் பக்கம் வந்ததும் அவர் நிமிர்ந்து உட்கார்ந்து, குழாயும் மூக்குமாகக் கைகூப்பி வணக்கம் சொன்னார். எனக்கு முகமெல்லாம் எரிந்தது.

"அறையில் வேறு யாரும் இருக்கக் கூடாது என்பது விதி. அவர் கொஞ்ச நேரம் வெளியே இருக்க முடியுமா?" என்றார் தாடிக்காரர். அந்தப் பெண் குறுக்கிட்டு, அவருக்கு ஆக்ஸிஜன் வைத்திருக்கிறார்களே என்றாள். "பத்து நிமிடம்தான். இல்லையென்றால் வேறொரு நாள் வைத்துக்கொள்ளலாம், ஆனால் எல்லோரும் மறுபடி கூடுவதற்கு அடுத்த மாதம் ஆகிவிடும்" என்றார் அவர். அடுத்த மாதம் அப்பாவுக்குக் காப்பீடு இருக்காது.

நான் வாயைத் திறப்பதற்குள் அப்பா குழாயைக் கழற்றிவிட்டார். சுரங்கத்து அதிகாரிகளிடம் கேட்டுக் கேட்டுப் பழகிய ஆங்கிலம் அவருக்குப் போதுமான அளவு உண்டு.

"இன்னாமா, நான் வெளிய ஒக்காரணும், அவ்ளோதான?"

"வேணாம்ப்பா. நான் பேசிக்கிறேன்."

"பத்து நிமிசம் மெஷின் இல்லாம இருக்க மாட்டனா? பாத்ரூம் போறப்ப இல்லாமதான போறேன். நீ பேசு. நான் படியில ஒக்காந்துனு இருக்கேன்."

சுவரைப் பிடித்துப் பிடித்து நடந்து வெளியே போனார். கதவைச் சத்தம் வராமல் அவரே சாத்தினார். மெஷினை அணைத்தேன். அது நின்றதும் வீடு சட்டென்று வெறிச்சோடிப் போனது.

கேள்வி தொடர்ந்தது. இப்போது என் கண் கதவுக்குப் போய்ப் போய் வந்தது. அதையும் அவர் கவனித்துவிட்டார். "தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம், இதை எல்லோரிடமும் கேட்கிறோம். இனி வரும் கேள்விகளுக்குக் கண்ணை மூடிக்கொண்டு பதில் சொல்லுங்கள்" என்றார்.

இருபது வருடத்தில் எத்தனையோ அவமானங்களை விழுங்கியிருக்கிறேன். இதை விழுங்க முடியவில்லை. லேப்டாப்பை மூடிவிட்டுப் போகலாமா என்று ஒரு கணம் கை எழுந்தது. அப்பாவின் வெள்ளைச் சட்டை நினைவுக்கு வந்தது. கண்ணை மூடினேன்.

கண்ணை மூடியதும் காதுதான் முழுசாகத் திறந்துகொண்டது. தெருவில் ஆட்டோ போகிற சத்தம். கீரைக்காரர் "சொப்பூ, சொப்பூ" என்று கன்னடத்தில் கூவிக்கொண்டு போவது. நடுவில், கதவுக்கு அந்தப் பக்கம் அப்பாவின் இருமல். எப்போதும் போல இரண்டிரண்டாக வந்தது. ஒவ்வொரு முறை கேட்டபோதும் எனக்கு நிம்மதியாக இருந்தது. இருமுகிறார் என்றால் இருக்கிறார். ஒரு கேள்விக்குப் பதில் சொன்னேன். இருமல் வந்தது. இன்னொரு கேள்விக்குச் சொன்னேன். இருமல் வரவில்லை.

தாடிக்காரர் அடுத்ததைக் கேட்டார். "ஒரு சர்வர் இன்னொரு சர்வருக்குச் செய்தி அனுப்புகிறது. பதில் வரவில்லை. அந்தப் பக்கம் இருப்பது செத்துவிட்டதா, மெதுவாக வேலை செய்கிறதா? எவ்வளவு நேரம் காத்திருப்பீர்கள்?"

எங்கள் தொழிலில் இது சாதாரணக் கேள்வி. தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் பதில் வரும். கொஞ்ச நேரம் மட்டும் காத்திருந்தால் உயிரோடு இருப்பதைச் செத்ததாக முடிவுகட்டிவிடுவோம், அதிக நேரம் காத்திருந்தால் செத்ததற்காக மற்ற எல்லா வேலையும் நின்றுபோகும். அதைத்தான் சொல்ல ஆரம்பித்தேன். பாதி வாக்கியத்தில் நிறுத்திவிட்டுக் கதவுப் பக்கம் காதைக் கொடுத்தேன். வெளியே ஒரு சத்தமும் இல்லை. கீரைக்காரரும் தெருமுனை தாண்டிப் போய்விட்டிருந்தார்.

"இங்கிருந்தபடி தெரியாது" என்றேன்.

"சரி, மேலே சொல்லுங்கள்" என்றார்.

"போய்ப் பார்க்க வேண்டும்" என்று சொல்லிவிட்டு எழுந்து ஓடினேன். எழுந்த வேகத்தில் கை பட்டு, மேஜையில் இருந்த தண்ணீர் டம்ளர் கீழே விழுந்தது.

அப்பா மேல்படியில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். தோளில் கிடந்த துண்டைச் சுருட்டி வாயில் திணித்து, இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தார். உடம்பு தூக்கித் தூக்கிப் போட்டது. இருமல் நிற்கவே இல்லை, அதன் சத்தத்தை மட்டும் அவர் நிறுத்தி வைத்திருந்தார். கண் இரண்டும் சிவந்து பிதுங்கியிருந்தன. என்னைப் பார்த்ததும் ஒரு கையை எடுத்து, உள்ளே போ என்று விரட்டினார்.

துண்டைப் பிடுங்கினேன். உதடு நீலம் பாரித்திருந்தது. "ஏம்ப்பா இப்படிப் பண்ற?"

"சத்தம்... உள்ள கேக்கும்மா... ஆளு இருக்குதுன்னு... நெனச்சுப்பாங்க."

அந்த நிமிடம் எனக்கு வந்த ஆத்திரத்தை எழுதிக் காட்ட முடியாது. தாடிக்காரர் மேல், கேக் வெட்டியவர்கள் மேல், இந்த மனிதரைத் தூசியில் இறக்கியவர்கள் மேல், எல்லார் மேலும் சேர்த்து வந்தது. அவர் அக்குளில் கைகொடுத்துத் தூக்கினேன். சுரங்கத்தில் பாறை தள்ளிய உடம்பு, இப்போது கனமே இல்லை. உள்ளே கொண்டுபோய் உட்கார வைத்து, குழாயை மாட்டி, மெஷினைப் போட்டேன். அவர் முன்னால் தரையில் மண்டி போட்டு, அந்த நெஞ்சையே பார்த்துக்கொண்டிருந்தேன். உதட்டில் நிறம் வர நெடுநேரம் ஆனது போலிருந்தது. வந்தது.

திரையில் இருவர் இருப்பதே எனக்கு மறந்துவிட்டிருந்தது. அந்தப் பெண் நாற்காலியை விட்டு எழுந்து நின்று, ஆம்புலன்ஸ் கூப்பிடட்டுமா என்று கேட்டுக்கொண்டிருந்தாள். தாடிக்காரர் கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார். "வேறொரு நாள் வைத்துக்கொள்ளலாம்" என்றார் தாழ்ந்த குரலில்.

"முடியாது" என்றேன். கத்தினேன் என்றுதான் சொல்ல வேண்டும். "எனக்கு இன்றைக்குத்தான். அப்பா இங்கேதான் உட்கார்ந்திருப்பார். அவருக்கு உங்கள் சர்வரைப் பற்றி ஒன்றும் தெரியாது. நீங்கள் கேள்வியைக் கேளுங்கள்."

அவர் தலையாட்டினார். முகத்தைத் துடைத்துக்கொண்டு மேஜைக்கு வந்து உட்கார்ந்தேன். ஜன்னல் பக்கமிருந்து அப்பாவின் குரல், மூச்சுக்கு நடுவில் வந்தது.

"ம்மா."

"என்னப்பா?"

"கண்ண மூடு. பாத்துனு இருக்காங்க."

மூடினேன். தாடிக்காரர் பதறிப்போய், தேவையில்லை, திறந்துகொள்ளுங்கள் என்றார். நான் திறக்கவில்லை. பிடிவாதம் என்றால் பிடிவாதம்தான். மிச்சமிருந்த எல்லாக் கேள்விகளுக்கும் கண்ணை மூடியபடியே பதில் சொன்னேன். மூடிய கண்ணிலிருந்து நீர் வழிந்துகொண்டே இருந்தது, அதைத் துடைக்கவும் இல்லை.

பழைய காப்பீடு முடிய இருந்த வாரத்தில் எச்.ஆர். பெண் கூப்பிட்டு, வேலை உங்களுக்குத்தான் என்றாள். சம்பளத்தைப் பற்றி ஏதேதோ சொன்னாள். என் அப்பாவின் பெயர் காப்பீட்டில் என்றைக்கு ஏறும் என்று மட்டும் கேட்டேன். நான் சேர்கிற அன்றைக்கே என்றாள். போனை வைத்துவிட்டுச் சமையலறைத் தரையில் உட்கார்ந்து அழுதேன்.

புது ஆபீசில் முதல் நாள் தாடிக்காரர் என் இடத்துக்கு வந்தார். கெட்ட மனிதர் இல்லை, முதலில் அப்பாவைத்தான் விசாரித்தார். பிறகு என் லேப்டாப்பில் ஒன்றை நிறுவிக் காட்டினார். கேட்டதற்கெல்லாம் பதில் எழுதித் தரும் கருவி. "இனி எதையும் நீங்களாக உட்கார்ந்து எழுத வேண்டாம், முதலில் இதைக் கேளுங்கள். யார் எவ்வளவு பயன்படுத்துகிறார்கள் என்று மேலிடத்தில் பார்க்கிறார்கள்" என்றார். விளையாடுகிறாரோ என்று அவர் முகத்தைப் பார்த்தேன். இல்லை. பயன்படுத்துகிறவர்களின் பெயர்ப் பட்டியலைத் திறந்து காட்டினார். அதில் கடைசியாக என் பெயர் இருந்தது. சீக்கிரம் மேலே வந்துவிடுவீர்கள் என்று சிரித்து, கட்டைவிரலை உயர்த்திக் காட்டிவிட்டுப் போனார்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து இதை அப்பாவிடம் நடித்துக் காட்டினேன், விழுந்து விழுந்து சிரிப்பார் என்று. அவர் சிரிக்கவில்லை. மூக்குக் குழாயைச் சரிசெய்துகொண்டார். நிஜமாகவே புரியாமல்தான் கேட்டார்:

"அப்ப அன்னைக்கு என்ன எதுக்கும்மா வெளிய ஒக்கார வெச்சாங்க?"