பொன்னாடை போர்த்தி மட்ச்சை மறைத்தவர்கள்

தலைவர் அண்ணை, நீங்கள் மைக்கில் பொய் சொன்னீர்கள்.

"பெண் பிள்ளைகளின் அணி தயாராக இல்லாத காரணத்தால் அவர்களின் சொஃப்ட்போல் மட்ச் இன்று நடைபெறாது." போன சனிக்கிழமை எங்கள் தமிழ்க் கழகத்தின் விளையாட்டு விழாவில் இப்படி அறிவித்தது நீங்கள்தான். அந்த நேரம் அந்தப் பிள்ளைகள் எங்கே நின்றார்கள்? உங்கள் மேடைக்கு நேர் எதிரே! உடுப்பு மாற்றி, வார்ம்-அப் முடித்து, ஹெல்மெட்டைக் கையில் பிடித்தபடி மத்தியானத்திலிருந்து மைதானக் கோட்டோரமாக நின்றார்கள். எதிரணியாக விளையாட வந்த ஜேர்மன் பிள்ளைகளும் பக்கத்துப் புல்லில் இருந்து கொத்துரொட்டி சாப்பிட்டு முடித்து, இனி என்ன செய்வது என்று தெரியாமல் முழித்துக்கொண்டிருந்தார்கள்.

உங்கள் பெயரை நான் எழுதவில்லை. தேவையும் இல்லை. எங்கள் நகரத்தில் மைக் கிடைத்தால் விடாத தலைவர் ஒருவர்தான்.

விழாவுக்கு வராதவர்களுக்காக நடந்ததைச் சொல்கிறேன்.

அன்றைய பிரதம விருந்தினர் மிசாக்கி. ஜப்பான்காரி. இப்போது ஜேர்மனியின் பெண்கள் தேசிய சொஃப்ட்போல் அணிக்குப் பயிற்சியாளர். இந்த இடத்துக்கு அவரை யாரும் தூக்கிவிடவில்லை. ஜப்பானில் ஒரு தொழிற்சாலை அணியில் விளையாடியவர். அங்கே பெரிய கம்பனிகளுக்குச் சொந்த அணிகள் இருக்கின்றன. காலையில் தொழிற்சாலையில் வேலை, பிறகு மைதானம். தேசிய அணிக்கும் எடுத்தார்கள் — ஆனால் இரண்டாவது காட்சராக.

காட்சர் என்றால் அடிப்பவருக்குப் பின்னால் குந்தியிருந்து பந்தைப் பிடிப்பவர். கிரிக்கெட்டின் விக்கெட் கீப்பர் மாதிரி என்று வையுங்கள். முதல் காட்சர் நன்றாக இருந்தால் இரண்டாவது ஆளுக்கு மட்ச்சில் இடம் கிடைக்காது. பந்து எறியப் போகிறவர்கள் கை சூடாக்கும்போது, மைதானத்து ஓரத்தில் குந்தியிருந்து பிடித்துக் கொடுப்பதுதான் வேலை.

"நான் விளையாடினதை விட ஓரத்தில் குந்தியிருந்ததுதான் கூட" என்று ஒருமுறை பயிற்சி முடிந்து என் காரில் வரும்போது சொல்லிச் சிரித்தார். "ஆனால் அங்கே இருந்துதான் எறிகிறவர்களைப் படித்தேன்."

முழங்கால் பழுதான பிறகு, ஒரேயொரு சீசன் விளையாடிவிட்டுப் போகலாம் என்று ஜேர்மனிக்கு வந்தார். பகலில் பார்சல் கிடங்கில் வேலை. பின்னேரம் கழகத்தில் விளையாட்டு. டொச் மொழியில் ஒரு சொல்லும் தெரியாமல், கையாலும் காலாலும் காட்டிச் சின்னப் பிள்ளைகளுக்குப் பழக்கத் தொடங்கினார். அந்தப் பிள்ளைகள் வளர்ந்து வெல்லத் தொடங்கினார்கள். பிறகு மாநில அணி. பிறகு நாட்டின் அணி. ஓரத்தில் குந்தியிருந்த பெண் எழும்பி இவ்வளவு தூரம் நடந்திருக்கிறாள்.

அப்படிப்பட்டவர் எங்கள் விழாவுக்கு ஏன் வந்தார்? குத்துவிளக்கு ஏற்றவா?

என் அக்காவின் மகள் நிலானி பந்தெறிகிறவள். பதினாறு வயது. வசந்தத்தில் தேசிய இளையோர் அணிக்குத் தெரிவு நடந்தபோது விரல் முறிந்து கட்டுப் போட்டிருந்தாள். இப்போது சுகம். ஆனால் அணியை அறிவிக்கும் நாள் விழாவுக்கு மறுநாள், ஞாயிறு. "சனிக்கிழமை உங்கள் விழாவில் அவளுக்கு மட்ச் இருக்கிறதுதானே? அங்கே வந்து பார்க்கிறேன்" என்றார், அந்தத் தெரிவுக்குழுவிலும் இருக்கும் மிசாக்கி. அதற்காகத்தான் வந்தார். அந்த ஒரு மட்ச்சுக்காக.

நீங்கள் அவருக்கு என்ன செய்தீர்கள் அண்ணை? மரியாதை செய்தீர்கள். அதுதான் வினை.

வாசலில் மாலை. மேடையில் விளக்கு — காற்றுக்கு அணைய அணைய ஏற்றவைத்தீர்கள். வரவேற்புரை. பொன்னாடை. ஒருவர் கவிதை. அனுசரணை தந்த கடைக்காரர்களுக்கு நன்றி. பிறகு உங்கள் தலைமையுரை. எல்லாம் தமிழில். அந்த மனுசி ஒரு சொல்லும் விளங்காமல், ட்ராக்சூட்டுக்கு மேலே பொன்னாடையோடு வேர்த்து வழிய நிமிர்ந்து இருந்தார். உங்கள் பக்கம் சாய்ந்து "ஆட்டம் எப்போது?" என்று கேட்ட ஒவ்வொரு முறையும் "உடனே" என்று டொச்சில் சொல்லி, கையில் ஒரு வடையையும் கொடுத்தீர்கள்.

மைதானத்தில் என்ன நடந்தது? நாற்பது வயதுக்கு மேற்பட்ட ஆண்களின் கிரிக்கெட் இறுதிப்போட்டி. ரன் எடுக்க ஓடியதை விட நடுவரோடு சண்டை பிடிக்க ஓடியதுதான் கூட.

நான் மேடைக்குப் பக்கத்தில் வந்து கேட்டேன். மறந்திருக்க மாட்டீர்கள்.

"அண்ணை, பிள்ளையளின்ர மட்ச் எப்ப?"

"பொறுங்கோ தங்கச்சி. இந்த ஃபைனல் முடியட்டும்."

"அவ மட்ச் பார்க்க வந்தவ அண்ணை. பேச்சுக் கேட்க இல்லை."

"பிரதம விருந்தினரைக் கொண்டுபோய் வெயிலுக்குள்ள நிப்பாட்டேலுமே? நீங்கள் எப்பவும் காலில சுடுதண்ணி ஊத்தின மாதிரி!"

உங்களுக்குப் பின்னால் நின்ற செயற்குழு ஆள் ஒருவர் பகிடி விட்டார். "எங்கட எல்லே தானே அக்கா இது? ஊரில தடியால அடிச்ச விளையாட்டு. இதைப் பார்க்க ஜப்பானில இருந்து ஆள் வேணுமே?"

எல்லோரும் சிரித்தீர்கள். ஊன்ட்றொப் அம்மன் கோயில் திருவிழாவில் அவ்வளவு சனத்துக்குள்ளும் தேரை இழுத்து முடிக்கிற இனம் நாங்கள். ஒரு மட்ச்சை நேரத்துக்குத் தொடங்க எங்களுக்கு ஏலாதாம்!

பிறகுதான் அந்த அறிவிப்பு. நிலானி ஓடி வந்தாள். "சித்தி, நாங்கள் ரெடியாத்தானே நிக்கிறம்? ஏன் பொய் சொல்லினம்?"

மிசாக்கிக்கு அறிவிப்பு விளங்கவில்லை. ஆனால் பிள்ளைகள் மட்டைகளைப் பையில் வைப்பதைக் கண்டுவிட்டார். "என்ன சொன்னார்?" என்று என்னைக் கேட்டார். நீங்கள் சொன்னதை அப்படியே டொச்சில் சொன்னேன்.

எழும்பினார். பொன்னாடையை வடிவாக மடித்துக் கதிரையில் வைத்தார். உங்களுக்குத் தலை குனிந்து வணக்கம் சொல்லிவிட்டு மேடையால் இறங்கினார். கழிப்பறைக்குப் போகிறார் என்று நினைத்து, வழி காட்ட ஒரு பெண்ணை அனுப்பினீர்களே... அதையும் பார்த்தோம்.

அவர் போனது தன் காருக்கு. கையுறையை எடுத்துக்கொண்டு வந்து, கொத்துரொட்டிக் கூடாரத்துக்குப் பின்னால், வேலியோரத்துப் புல்லில் குந்தினார் — அந்தப் பழுதான முழங்காலோடு. "நிலானி, எறி!"

முதல் பந்து விலகிப் போய்க் கூடாரத்தில் அடித்தது. "ஆரடி அது? பந்து கொத்துக்குள்ள விழப்போகுது!" என்று உள்ளே இருந்து ஒரு சத்தம். நிலானி ஓடிப்போய்ப் பந்தை எடுத்துக்கொண்டு வந்தாள்.

"இன்னொன்று" என்றார் மிசாக்கி.

எறிந்தாள். இன்னொன்று. எறிந்தாள். கையைக் கீழால் சுழற்றி எறிகிற அந்த மஞ்சள் பந்து கையுறையில் விழ விழ, படார் படார் என்று மேடை வரை கேட்டது. சனம் கூடியது. எல்லே என்று பகிடி விட்டவரும் தேத்தண்ணிக் கப்போடு வந்து நின்றார். "அம்மாடி... இதை எப்பிடித்தான் பிடிக்கிறாவோ" என்றார். மைதானத்தில் உங்கள் இறுதிப்போட்டி இன்னும் முடியவில்லை.

கடைசியில் மிசாக்கி எழும்ப முடியாமல் வேலியைப் பிடித்துக்கொண்டு எழும்பினார். நிலானியிடம் நேரே சொன்னார், பூசி மெழுகாமல்.

"கை நல்லது. வேகம் காணும். ஆனால் முன்னால் அடிக்கிறவள் நிற்கும்போது, பின்னால் ஒருத்தி ஓடத் தயாராக நிற்கும்போது நீ என்ன செய்வாய் என்று எனக்குத் தெரியாது. அது மட்ச்சில்தான் தெரியும். பார்க்காததைப் பார்த்தேன் என்று எழுத மாட்டேன். குளிர்காலப் பயிற்சிக்கு வா."

ஞாயிற்றுக்கிழமை அணியை அறிவித்தார்கள். நிலானி இல்லை.

மிசாக்கியில் எனக்குக் கோபமில்லை. அவர் நேர்மையாக நடந்தார். ஒரு மட்ச் நடந்திருந்தால் நிலானி தேறியிருக்கலாம், தேறாமலும் விட்டிருக்கலாம். அதைத் தெரிந்துகொள்ளும் உரிமையைத்தான் நீங்கள் பறித்தீர்கள். அதற்கு மேல் பழியையும் பிள்ளைகளின் தலையில் போட்டீர்கள்.

நிலானி திங்கட்கிழமையே பயிற்சிக்குப் போய்விட்டாள். அழுதுகொண்டு வீட்டில் இருப்பாள் என்று நினைத்தால், பையைத் தூக்கிக்கொண்டு, "காரை எடுங்கோ சித்தி" என்றாள்.

அன்று வேலியோரத்தில் மிசாக்கி எனக்கு இன்னொன்றும் சொன்னார். "என்னை ஏன் மட்ச்சில் இறக்கவில்லை என்று ஜப்பானில் எங்கள் அணி மனேஜரிடம் தனியாகக் கேட்டுக்கொண்டே இருந்தேன். ஒவ்வொரு முறையும் ஒரு சாட்டு. ஒருநாள் முழு அணியும் இருக்கும்போது கேட்டேன்."

"இறக்கினாரா?" என்றேன்.

"இல்லை. ஆனால் அதற்குப் பிறகு சாட்டுச் சொல்லவில்லை."

செவ்வாய்க்கிழமை நீங்கள் எனக்கு ஃபோன் எடுத்தீர்கள். "தங்கச்சி, இதையெல்லாம் பேப்பரில எழுதாதேங்கோ. வீட்டுப் பக்கம் வாங்கோ, ஒரு தேத்தண்ணி குடிச்சுக்கொண்டு கதைப்பம்."

ஏலாது அண்ணை. பொய்யை ஊருக்குச் சொல்லிவிட்டு, உண்மையை மட்டும் தேத்தண்ணியோடு தனியாகச் சொல்வீர்களோ?

வருகிற ஞாயிறு எங்கள் கழகத்தின் பொதுக்கூட்டம். பிள்ளைகள் எல்லோரையும் கூட்டிக்கொண்டு வருவேன். முன்வரிசையில் இருத்துவேன். அந்த மட்ச்சை நிற்பாட்டச் சொன்னது யார்? யாருக்காக? அந்தப் பிள்ளைகளின் முகத்தைப் பார்த்து, மைக்கைப் பிடித்துப் பதில் சொல்லுங்கோ.