பூட்டியவர் மகள்

பெர்லினில் வேலை பார்த்தபோது ஒரு பழைய சிறையைப் பார்க்கப் போனேன். கம்யூனிஸ்ட் ஆட்சியில் எதிர்த்துப் பேசியவர்களை அடைத்து வைத்த இடம், இப்போது மியூசியம். சுற்றிக்காட்டிய பெண் ஓர் அறைக் கதவைத் தொட்டு, "இதைப் பூட்டினவங்கள்ல என் அப்பாவும் ஒருத்தர்" என்றாள். பூசி மெழுகவில்லை, குரலும் தடுமாறவில்லை. பள்ளிப் பிள்ளைகள் வந்தாலும் இதையேதான் சொல்வாளாம். என்ன நெஞ்சுரம்! எனக்குக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றியது.

லீவுக்கு ஊருக்கு வந்தபோது எங்கள் பாகூர் டீக்கடையில் இதைச் சொன்னேன். கடைக்காரர் கண்ணாடி கிளாஸில் டீயை நீட்டியபடியே, "நல்லவேளைபா, நம்ம ஊர்ல அந்த மாதிரி அக்கிரமம்லாம் ஒண்ணும் நடக்கல" என்றார்.

இதே கடையில் என் அப்பாவை வெளியே நிற்கவைத்து, கொட்டாங்குச்சியில் டீ ஊற்றியவர் இந்தக் கடைக்காரருடைய அப்பா.