உடுப்பிட்டித் தொகுதிக்கு அறிவித்தல் சொன்ன பரமண்ணை

பரமண்ணை போய்விட்டாராம்... இப்போதுதான் ஊரிலிருந்து போன் கோல் வந்தது.

உடுப்பிட்டி ஆட்களுக்கு முகம் மறந்தாலும் குரல் மறக்காது. கார் மேலே இரண்டு கோன் ஸ்பீக்கர் கட்டிக்கொண்டு கல்யாணம், செத்தவீடு, திருவிழா எல்லாம் அறிவித்தவர். அவருடைய அம்பிளிபயருக்கு நான்தான் டெக்னீஷியன்.

எதை அறிவித்தாலும் முதல் வரி ஒன்றுதான். "உடுப்பிட்டித் தொகுதி வாழ் பெருமக்களே!"

பருத்தித்துறையிலிருந்து பிரித்து இந்தத் தொகுதியை உருவாக்கிய முதல் தேர்தலிலேயே மைக் பிடித்தவராம். காலையில் ஒரு கட்சிக்கு, பின்னேரம் எதிர்க்கட்சிக்கு.

"ரெண்டு பேரும் வெல்லத்தான் கத்தினனான். ஒராள் தோத்தால் அது என்ரை மைக்கின்ரை பிழையில்லை" என்று சிரிப்பார்.

எண்பத்தொன்பது தேர்தலோடு அந்தத் தொகுதி இல்லாமல் போனது. யாழ்ப்பாணம் முழுக்க ஒரே மாவட்டமாக வாக்கு. உடுப்பிட்டிக்கென்று தனி எம்.பி. இனி இல்லை.

அந்தத் தேர்தல் பக்கம் போனால் வெடி விழும் என்று சுவரில் இயக்கத்தின் நோட்டீஸ். லைட் போஸ்டில் கட்டிச் சுட்டிருந்த ஒருவரை நானே பார்த்தேன்... கழுத்தில் துரோகி என்று அட்டை.

"அண்ணை, தொகுதி எண்டு சொல்லுறதை விடுங்கோ. எலக்சன் எண்டு நினைச்சுச் சுடப்போறாங்கள்."

"அதைச் சொன்னால்தான் தம்பி அடுத்த சொல் வருது. உன்ரை அம்பிளிபயர் சூடேறாமல் பாடுதே? என்ரை வாயும் அப்பிடித்தான்."

வாக்களிப்புக்குக் கொஞ்ச நாள் முன்பு சந்தியில் துவக்குக்காரர் இரண்டு பக்கமும் நின்று சுட்டுக்கொண்டார்கள். என் மனைவி யசோ சைக்கிளில் வந்துகொண்டிருந்தாள்.

கழுத்தில் பட்டது. அந்த இடத்திலேயே போய்விட்டாள். கல்யாணமாகி ஒரு வருடம்கூட ஆகவில்லை.

அடுத்த நாள் காலை, வீட்டில் அவளும் நானும் மாமியும்தான். ரோட்டில் சனமில்லை. பெட்டி தூக்க நாலு ஆண்கள் இல்லை.

பக்கத்து வீட்டுக்காரர் வேலிக்கு அங்காலே நின்று சொன்னார். "குறை நினையாதை தம்பி... வெளியிலை வரப் பயமாக் கிடக்கு."

பரமண்ணை காரோடு வந்து நின்றார். "பற்றரியைக் கொழுவு தம்பி. ஆக்களைக் கூப்பிடுவம்."

கொழுவினேன். பொசிட்டிவ், நெகட்டிவ் எல்லாம் கை தன்பாட்டில் பார்த்தது. பியூஸ்கூட செக் பண்ணினேன். அழுகை வரவில்லை.

கார் முதலாவது ஒழுங்கைக்குள் திரும்பியதும், "உடுப்பிட்டித் தொகுதி வாழ்..." என்று தொடங்கினார். மோட்டார் சைக்கிள் ஒன்று குறுக்கே வந்து நின்றது. இரண்டு பெடியள், துவக்கோடு. எந்த இயக்கம் என்று இன்றைக்கும் தெரியாது.

"ஆருக்கு வோட்டுக் கேக்கிறாய்?"

"செத்தவீடு ராசா..."

"செத்தவீட்டுக்கு என்னடா தொகுதி?"

துவக்குப் பிடியால் வாயில் அடித்தான். மைக் அவர் கையில். ஓனில்தான் இருந்தது. எலும்பில் கட்டை விழுந்த சத்தம் இரண்டு கோனிலும் கேட்டது.

பக்கத்து சீட்டில் நான். வொலியூமை முழுக்கத் திருப்பினேன்.

அடுத்த அடி. "ஐயோ அம்மா..." பிறகு பல் துப்பிய சத்தம். "நிப்பாட்டடா அதை!" என்று மற்றவன் துவக்கை என் நெற்றியில் வைத்துக் கத்தியதும் ஊருக்கே கேட்டது.

படலைகள் திறந்தன. முதலில் பெண்கள்தான் வந்தார்கள்.

"எங்கடை பரமண்ணையையோ அடிக்கிறியள்? எத்தினை பேரைச் சுடுவியள், சுடுங்கோ பாப்பம்!"

பின்னால் ஆண்கள். பயம் என்று சொன்ன பக்கத்து வீட்டுக்காரரும் நின்றார், சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு.

ஒருவன் மேலே பார்த்து ஒரு கோனைச் சுட்டான். பிறகு இரண்டு பேரும் போய்விட்டார்கள்.

பரமண்ணை சேர்ட்டில் வாயைத் துடைத்தார். பல் போன இடத்தால் காற்றுப் போனது. மைக்கை எடுத்து, விட்ட இடத்திலிருந்து இல்லை, முதலிலிருந்து தொடங்கினார்.

"உடுப்பிட்டித் தொகுதி வாழ் பெருமக்களே... எங்கடை தங்கச்சி யசோ..."

யசோவை ஆள் மாறி ஆள் மாறி சுடலைவரை தூக்கினார்கள்.

நாளைக்கு அவருடைய கிரியை. நான் நோர்வேயில்... போய்ச் சேர முடியாது.

போயிட்டு வாங்கோ அண்ணை.

உடுப்பிட்டித் தொகுதி வாழ் பெருமக்களே... பரமண்ணையைத் தூக்க ஆள் வேணும். போங்கோ.