ஓராளு கொறையுது

எங்கள் தெருவில் பட்டாசு வெடிக்க மாட்டார்கள். சிவகாசிப் பக்கம் அப்படி ஒரு தெரு என்றால் யாரும் நம்புவதில்லை. காலை ஏழு மணிக்குப் பட்டாசுக் கம்பெனி வேன் வந்து ஹாரன் அடித்தால் பாதி வீடு காலியாகிவிடுகிற தெரு அது. ஆனாலும் என் அப்பா ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வந்த வருஷம், தீபாவளிக்குக்கூடப் பிள்ளைகள் அடுத்த தெருவுக்குப் போய்த்தான் வெடித்தார்கள். யாரும் கூடிப் பேசி முடிவெடுத்ததாகத் தெரியவில்லை. அப்பாவுக்குச் சத்தம் ஆகாது என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

எனக்கு அப்போது எட்டு வயது. கம்பெனியில் ஒரு ரூம் வெடித்ததில் அப்பாவின் தலைமேல் சுவர் விழுந்துவிட்டது. மூன்று மாதம் மதுரையில் வைத்திருந்தார்கள். தலையில் ஒரு பக்கம் எலும்பை எடுத்திருந்தார்கள். அந்த இடம் பள்ளமாக இருக்கும். அவர் இருமினால் தோல் மெல்ல மேலே எழும்பும். நான் அதைப் பார்க்காமல் இருக்க என்னவெல்லாமோ செய்தேன். சோறு கொடுக்கப் போனால் தட்டைப் பார்ப்பேன், தண்ணீர் கொடுக்கப் போனால் செம்பைப் பார்ப்பேன். வலது கை மடங்கிக் கிடந்தது. கம்பு ஊன்றி, யாராவது பிடித்தால் நாலு எட்டு வைப்பார். என் பெயர் அவர் வாயில் வரவில்லை. என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு சப்பரம் காட்டிய மனிதர் மதுரையிலேயே நின்றுவிட்டார், அவர் சட்டையைப் போட்டுக்கொண்டு வேறு யாரோ வந்திருக்கிறார் என்றுதான் நான் நினைத்தேன். பேய்க்குக்கூட நான் அவ்வளவு பயந்ததில்லை.

இதில் இன்னொரு பயமும் சேர்ந்துகொண்டது. அந்த வெடியில் அத்தை இறந்து போயிருந்தாள். அப்பாவின் ஒரே தங்கச்சி. அடுத்த ஊரில் கட்டிக்கொடுத்திருந்தாலும் அதே கம்பெனிக்குத்தான் வேலைக்கு வருவாள். சரவெடி பின்னிப் பழகிய கையால் எனக்குச் சடை பின்னிவிட்டால் இரண்டு நாளைக்கு அவிழாது, தலையும் வலிக்கும். அப்பாவுக்கு அது தெரியக்கூடாது என்று அம்மா முடிவு செய்துவிட்டாள். மாலை போட்ட அத்தையின் படத்தைச் சுவரிலிருந்து கழற்றி, அடுப்படியில் அரிசி டிரம்முக்குப் பின்னால் ஒளித்து வைத்தாள். என்னைக் கூப்பிட்டு, "அத்தயப் பத்தி வாயத் தொறந்தே, நாக்குல சூடு வச்சிருவேன். கேட்டா ஊருல இருக்குன்னு சொல்லு" என்றாள். சொல்லிவிட்டு அவளே அழுதாள். வாய்தவறிச் சொல்லிவிடுவேனோ என்று நான் வீட்டில் பேசுவதையே குறைத்துக்கொண்டேன்.

சனிக்கிழமைதோறும் பதினோரு மணிக்கு ஸ்கூட்டரில் ஒரு பிசியோ அக்கா வருவார். அப்பாவின் வலது கைக்கு மெத்தென்ற பந்து ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார். அப்பா அதை இடது கையால் வீசி எறிந்தார். அக்கா சளைக்கவில்லை. "அண்ணனுக்குக் கை பழகுன வேல எது?" என்று அம்மாவிடம் கேட்டார். மருந்து அடைக்காத வெறும் காகிதக் குழாயும் நூலும் வீட்டுக்கு வந்தன. அப்பா உட்கார்ந்து சரம் பின்ன வேண்டும். சொளகிலிருந்து குழாயை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுப்பது என் வேலை. அவருக்கு எரிச்சல் வந்தால் சொளகு பறக்கும். எந்தக் குழாயில் அந்தக் கோபம் வரும் என்று தெரியாது.

சாப்பாட்டு நேரம் அதைவிட மோசம். தட்டு வைத்ததும் அப்பா இடது கையால் தன் நெஞ்சில் தட்டுவார். பிறகு அம்மாவைக் காட்டுவார், என்னைக் காட்டுவார். நாலு விரலை விரித்து அதையே பார்த்துக்கொண்டிருப்பார். "ஓராளு கொறையுது" என்பார். அந்த இரண்டு சொல்தான் அவருக்குத் தெளிவாக வந்தது. உப்பு எடுக்கிறேன் என்று அம்மா எழுந்து போய்விடுவாள்.

நான் வகுப்பில் வாய்ப்பாட்டில் முதல் ஆள். அப்பாவுக்குக் கணக்கு மறந்துபோய்விட்டது என்று எனக்குத் தோன்றியது. ஒருநாள் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, "யப்பா, நம்ம மூணு பேருதான். யாரும் கொறையல" என்று மூன்று விரலைக் காட்டினேன். சாம்பாரோடு தட்டு சுவரில் போய் மோதியது. ஆனாலும் நான் விடவில்லை. கைக்கு எட்டாத தூரத்தில் உட்கார்ந்துகொண்டு, தினமும் மூன்று விரலைக் காட்டினேன்.

ஒரு சனிக்கிழமை, சீசன் வேலை என்று அம்மா அரை நாள் போக வேண்டி வந்தது. "பதினோரு மணிக்கு பிசியோ அக்கா வந்துரும். அதுவரைக்கும் கூட இரு தாயி" என்று சொல்லிவிட்டு வேனில் ஏறினாள். நானும் அப்பாவும் மட்டும். நான் குழாயை எடுத்துக் கொடுத்துக்கொண்டே கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அடுத்த தெருவில் ஒரு சாவு. வெளியூர்ச் சொந்தக்காரர்கள் எங்கள் வீட்டுச் சங்கதி தெரியாமல் பிணத்தைத் தூக்கிப் போகும்போது வேட்டுப் போட்டார்கள்.

முதல் வேட்டுக்கு அப்பாவின் கை நின்றது. இரண்டாவதற்கு எழுந்துவிட்டார். என் கையைப் பிடித்தார். அந்த இடது கையில் அவ்வளவு பலம் இருக்கும் என்று எனக்குத் தெரியாது. குழாய்கள் சிதற, என்னைத் தரதரவென்று இழுத்துப் போய் வாசலுக்கு வெளியே தள்ளினார். குப்புற விழுந்து, முகவாய் தரையில் மோதி, என் நாடி கிழிந்துவிட்டது. "ஓடு! திரும்பிப் பாக்காத! ஓடு!" என்று, அதுவரை வாயில் வராத சொல்லையெல்லாம் கத்தினார். நான் ஓடவில்லை. அவர் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நெஞ்சில் தட்டினார், என்னைக் காட்டினார், நாலு விரலை விரித்தார். பிறகு வீட்டுக்குள் திரும்பிப் போனார்.

அரிவாள்மணையை எடுக்கத்தான் போகிறார் என்று நான் நினைத்தேன். என்னைக் கொல்லப் போகிறார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. எழுந்து போய்க் கதவை இழுத்துச் சாத்தி வெளியே நாதாங்கியைப் போட்டேன்.

உள்ளே பாத்திரங்கள் விழுந்தன. எதையோ இழுக்கிற சத்தம், புரட்டுகிற சத்தம். அவர் ஒரு தடவைகூடக் கதவைத் தட்டவில்லை. அதுதான் எனக்கு அதிகப் பயமாக இருந்தது. கடைசியில் டிரம் தரையில் உரசுகிற சத்தம் கேட்டது. அதற்குப் பிறகு ஒன்றுமே இல்லை. அவர் வெளியே வந்துவிடுவாரோ என்று அதுவரை நடுங்கியவள், அவர் வரவே மாட்டாரோ என்று நடுங்க ஆரம்பித்தேன். நாதாங்கியைத் திறக்க மட்டும் கை போகவில்லை.

பிசியோ அக்கா வந்தபோது என் சட்டையெல்லாம் ரத்தம். "யாரு கதவப் பூட்டுனது?" என்றார். "காத்து" என்றேன். காற்று நாதாங்கி போடுமா என்று அவர் கேட்கவில்லை. கதவைத் திறந்துகொண்டு ஓடினார். அப்பாவின் கம்பு கட்டில் ஓரமாகவே கிடந்தது. அவர் அடுப்படியில் இருந்தார். "அண்ணே! கம்பில்லாமயா இம்புட்டுத் தூரம் நடந்து வந்தீக!" என்று அக்கா சந்தோஷத்தில் கத்திவிட்டார். நானும் பின்னாலேயே போய் எட்டிப் பார்த்தேன்.

அப்பா டிரம்முக்குப் பின்னால் தரையில் உட்கார்ந்திருந்தார். மடியில் அத்தையின் படம். பந்தைப் பிடிக்க மறுத்த வலது கை, காய்ந்த மாலையை இறுக்கிப் பிடித்திருந்தது.

மத்தியானம் அம்மா வந்தாள். அப்பா பக்கத்தில் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். சாயங்காலம் படம் மறுபடி சுவரில் ஏறியது. நாதாங்கிக்காக யாராவது அடிப்பார்கள் என்று காத்திருந்தேன், யாரும் அடிக்கவில்லை. இன்றுவரை அப்பாவிடம் நான் அதைச் சொன்னதுமில்லை.

பல வருஷம் கழித்து, அப்பாவின் பி.எஃப். விஷயமாக அந்தக் கம்பெனிக்குப் போனேன். ஒவ்வொரு ரூம் கதவிலும் 'ஆட்கள் 4' என்று பெயின்டில் எழுதியிருந்தது. நாலு பேருக்கு மேல் உள்ளே இருக்கக்கூடாது என்பது சட்டம். வெடி நடந்த அன்று அவரோடு ஒரே ரூமில் வேலை பார்த்த பெரியம்மா ஒருவர் என்னை அடையாளம் கண்டு கையைப் பிடித்துக்கொண்டார். "ஒங்கப்பாவும் நாங்க ரெண்டு பேரும் வெளிய வந்துட்டோம் தாயி. அவுக எண்ணிப் பாத்தாக. ஓராளு கொறையுதுன்னு சொல்லிட்டு ஒங்கத்தயத் தேடித் திரும்ப உள்ள போனாக" என்றார். நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன்.

எட்டு வயதில் எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: மறுநாள் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது அப்பா நெஞ்சில் தட்டினார், அம்மாவைக் காட்டினார், என்னைக் காட்டினார். மூன்று விரலை மட்டும் விரித்தார். அதற்குப் பிறகு ஓராளு கொறையுது என்று அவர் சொல்லவே இல்லை. திங்கட்கிழமை பள்ளிக்கூடத்தில், எங்கள் அப்பாவுக்கு நான்தான் கணக்குச் சொல்லிக் கொடுத்தேன் என்று டீச்சரிடம் சொன்னேன். நாடியில் பிளாஸ்திரியோடு என்னை முன்னால் நிறுத்தி, வகுப்பையே கைதட்டச் சொன்னார்.