துப்புரவான ஓடை

ஓடை கண்ணில் படுவதற்கு முன்பே பியசீலி செருப்பைக் கழற்றிவிடுவாள். வாயிலிருக்கும் வெற்றிலையை இந்தப் பக்கமே துப்பிவிட்டு, பாக்குவெட்டியை நீட்டிக் காட்டுவாள். "அந்தா, இலை நுனியில. மூச்சு விடாதீங்க மாத்தயா, என் பொடியன் கோவக்காரன்."

பொடியன் என்பது ஒரு தும்பி. சுண்டுவிரலில் பாதி இருக்கும். கறுப்பில் மஞ்சள் கோடு, நீலப்பச்சைக் கண். இலங்கையை விட்டால் வேறெங்கும் கிடையாது. காட்டோரத்து இந்த ஊருக்குக் கமராவோடு வருகிற மாத்தயாமாரைப் பதினெட்டு வருடமாக அவள்தான் அழைத்துப் போகிறாள். பிள்ளை இல்லாததை யாராவது இழுத்தால், "அப்ப ஓடையில இருக்கிறதெல்லாம் யாருது?" என்று வாயை அடைத்துவிடுவாள்.

குப்பையைக் கண்டால் அவளுக்கு ஆகாது. விடிந்ததும் முற்றத்தைக் கூட்டி, தன் காலடித் தடமும் பதியாமல் பின்பக்கமாகவே நடந்து வீட்டுக்குள் போகிறவள். போன பொசன் பௌர்ணமித் திருவிழாவுக்கு முன் ஊரோடு சேர்ந்து விகாரையைக் கூட்டிய கையோடு, யாரும் சொல்லாமலே ஓடைக்கும் போனாள். நீருக்கு மேல் தொங்கிய காய்ந்த வேர், கொடி எல்லாவற்றையும் கத்தியால் அரிந்து எறிந்தாள். "இப்பதான் மனுசர் வார இடம் மாதிரி இருக்கு" என்று தனக்குத்தானே மெச்சிக்கொண்டாள்.

அடுத்த மழைக்குப் பொடியன் வரவில்லை.

ஆராய்ச்சிக்கு வந்த ஒரு பெண் அண்ணாந்து பார்த்துக் கேட்டாள்: "தொங்கிற காஞ்ச வேர்லதான் அக்கே இது முட்டை ஒட்டும். குஞ்சு நேரா தண்ணியில விழும். இங்க ஒரு வேரையும் காணோமே?"

பியசீலி, தான் அரிந்த இடத்திலிருந்து கண்ணை எடுத்தாள். பிறகு மேட்டைப் பார்த்துச் சொன்னாள்: "மேல ஜினதாச தேயிலைக்கு மருந்து அடிக்கிறான்."

அடிக்கிறவன்தான், அதில் பொய்யில்லை. ஆனால் அந்தப் பேச்சு அவளுக்கு முன்பே கடைக்குப் போய்ச் சேர்ந்தது. "என்னடா ஜினே, தும்பிக்கும் மருந்து வச்சிட்டியாமே?" என்று கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ஜினதாச அவளைவிடப் பத்து வயது இளையவன். ஒவ்வொரு புத்தாண்டுக்கும் இரண்டு கையாலும் வெற்றிலை நீட்டி, அவள் காலில் விழுந்து, தெரிந்தும் தெரியாமலும் செய்த பிழைக்கெல்லாம் மன்னிப்புக் கேட்கிறவன். அவன் மருந்து டாங்கியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, பிடித்துக்கொண்ட இடுப்போடு கையால் களை பிடுங்குகிறான்.

அவள் இப்போது கடைப் பக்கம் போவதில்லை. வெட்கம் பிடுங்கித் தின்கிறது. ஆளில்லாத நேரம் பார்த்து, ஓடைக்கு மேல் காய்ந்த வேர்களைத் தானே கட்டித் தொங்கவிட்டிருக்கிறாள். முற்றம் கூட்டும்போது விளக்குமாற்றின் சத்தம்கூடக் குத்திக்காட்டுவது போல இருக்கிறது.

நேற்று மத்தியானம் ஜினதாச வாசலில் வந்து நின்றான். விரலெல்லாம் கீறல். "அக்கே, இப்ப மருந்தே அடிக்கிறதில்ல. பொடியன் திரும்பி வந்திச்சா? என்னாலதான் போச்சுன்னு நெனைச்சா தூக்கமே வரல."

பியசீலி உள்ளே போனாள். வெற்றிலையை அடுக்கி எடுத்துக்கொண்டு, கூட்டி வைத்த முற்றத்தில் தடம் பதியப் பதிய நடந்து வந்தாள். அவன் முன்னால் முழங்காலிட்டு, இரண்டு கையாலும் நீட்டினாள்.