மிட்டாதார் குத்திய மெடல்

போன வாரம் தர்மபுரியில் ஒரு கல்யாண மண்டபத்தில் நாடக விழா என்று கூப்பிட்டிருந்தார்கள். பழைய ஆர்மோனியக்காரர் என்பதால் என்னை இரண்டாவது வரிசையில் உட்கார வைத்து, தோளில் ஒரு துண்டைப் போட்டு, கையில் ஆறிப்போன காப்பியையும் கொடுத்தார்கள். மேடையில் ஒரு பேராசிரியர், "நம் நாடகம் கோயிலில் பிறந்தது, அரண்மனையில் தவழ்ந்தது, புரவலர்களின் மடியில் வளர்ந்தது" என்று இழுத்து இழுத்துப் பேசினார். அவருக்குப் பக்கத்தில் மாலை போட்ட பெரிய படம் ஒன்று. முறுக்கு மீசை, தலைப்பாகை, கையில் வெள்ளிப்பூண் தடி. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தேன். குடித்த காப்பி தொண்டைக்கு வந்துவிட்டது. எங்கள் மிட்டாதார்! "சீ, இவன் மடியிலயா வளந்துச்சு?" என்று வாய்விட்டே சொல்லியிருக்கிறேன் போலிருக்கிறது. பக்கத்திலிருந்த பையன் திரும்பி, "தாத்தா, சுடுதண்ணி எதாச்சும் வேணுங்களா?" என்று கேட்டான்.

மடியில் வளர்ந்ததாம். எதில் வளர்ந்தது என்று என் மூக்கைக் கேளுங்கள், சொல்லும். தேங்காய் எண்ணெயில் குழைத்த அரிதாரம், மண்ணெண்ணெய்ப் புகை, எத்தனையோ ராஜாக்கள் மாற்றி மாற்றிப் போட்ட வெல்வெட்டுக் கோட்டின் வேர்வை. அந்தக் கோட்டைத் துவைக்கவே மாட்டார்கள், துவைத்தால் ஜிகினா உதிர்ந்துவிடும். மழைக்காலத்தில் கியாஸ் விளக்கைத் தேடி ஈசல் வரும். பாடுகிறவர் வாயைத் திறந்தால் நாலு உள்ளே போகும். துப்பினால் பாட்டு அறுந்துவிடும் என்று விழுங்கிவிட்டு மேல் ஸ்தாயிக்குப் போவார்கள். நானும் விழுங்கியிருக்கிறேன். இன்றைக்கும் மழைக்கு முன்னால் விளக்கைச் சுற்றி ஒரு பூச்சியைக் கண்டால் எனக்குக் குமட்டிக்கொண்டு வருகிறது.

பேராசிரியர் சொல்லாமல் விட்டதை நான் சொல்கிறேன். எங்கள் பக்கம் முதலில் கூத்துதான், அறுப்பு முடிந்த காட்டில் தரையிலேயே ஆடுவார்கள். அப்புறம் படுதாவும் சீனும் கட்டிய கம்பெனிகள் ரயிலேறி வந்தன. அந்தக் கம்பெனிகளை விட்டு ஓடிவந்தவர்களும் துரத்தப்பட்டவர்களும் சேர்ந்து ஆடியது ஸ்பெஷல் நாடகம். ராஜா ஒரு ஊர், ராணி ஒரு ஊர், பபூன் இன்னொரு ஊர். ஒத்திகை என்ற பேச்சே கிடையாது. மேடையில்தான் புருஷன் பெண்டாட்டி முதல்முதலாகப் பார்த்துக்கொள்வார்கள். இத்தனையையும் கட்டி இழுப்பது பெட்டி, அதாவது ஆர்மோனியம். அந்தக் கர்வம் எனக்குக் கொஞ்சநஞ்சமில்லை. இருபத்திரண்டு வயதில் பட்டுச் சட்டையும் நடுவகிடுமாக, நாடகமே என் பத்து விரலில் தொங்குகிறது என்று நினைத்துக்கொண்டிருந்த மடையன் நான்.

எங்கள் நாடகத்துக்குக் காரிமங்கலத்துச் சந்தைத் திடலில் கொட்டகை போடுவார்கள். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் பேசுகிற ஜனம். ராணி தமிழில் புருஷனைப் பறிகொடுத்து அழுதுகொண்டிருப்பாள், பின்னாலிருந்து ஒருவன், "ஏம்மா, கன்னடத்துல ஒண்ணு எடுத்து வுடு!" என்பான். அவளும் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒன்று பாடிவிட்டு, மறுபடி புருஷனிடம் வருவாள். அதெல்லாம் எனக்குப் பிடிக்கும். ஜனம் கேட்பதில் ஒரு தப்பும் இல்லை.

அருவருப்பு எங்கே என்றால் மெடலில். நடிகைக்கு மெடல் குத்துகிறேன் என்று பெரிய மனிதர்கள் எந்தக் காட்சியிலும் மேடை ஏறலாம். ஏறினால் நாடகம் நிற்க வேண்டும். பெட்டிக்காரன் குஷியாக ஒரு இங்கிலீஷ் நோட்டு, அதாவது பேண்டு மெட்டு, வாசிக்க வேண்டும். அவர்கள் வெற்றிலை எச்சிலைத் துடைத்துக்கொண்டு, நடுங்கும் கையால் அவள் மார்பில் ஊக்கைக் குத்துவார்கள். மார்புதான், வேறெங்கும் குத்த அவர்களுக்குத் தெரியாது. ஊக்கு மாட்ட எவ்வளவு நேரம் ஆகும்? மிட்டாதாருக்கு ஒரு முழுப் பாட்டு நேரம் ஆகும். மிட்டா என்றால் குட்டி ஜமீன். சுற்று வட்டாரத்தில் அவர் வைத்ததுதான் சட்டம், சந்தைத் திடலும் அவருடையதுதான். கூட்டம் விசில் அடிக்கும். நான் நோட்டை இன்னும் ஒரு சுற்று வாசிப்பேன்.

எங்கள் ராணி வேஷக்காரி செங்கமலம். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர், ஓமலூர்ப் பக்கம். ஒப்பாரி என்று எடுத்தால் சந்தைக்கு வந்த மாட்டுக்காரன்கூட மூக்கைச் சிந்துவான். எழுதி வைத்துப் பாடுகிறவர் இல்லை, நின்ற இடத்தில் கட்டுவார். உலகச் சண்டைக் காலம் அது. பெட்ரோல் கிடைக்காமல் கரி அடுப்பு வைத்து ஓட்டிய பஸ்ஸில் மூக்கெல்லாம் கரியாக நாங்கள் காரிமங்கலம் வந்து இறங்கிய அன்று, முகத்துக்குப் பூசும்போது என்னை ஓலைத்தட்டி மறைவுக்கு வரச் சொன்னார்.

"தம்பி, போன வருசம் அவன் குத்துன ஊக்கு சதையில ஏறிப் பதினஞ்சு நாளு சீழ் புடிச்சுக் கெடந்தேன். இன்னிக்கும் ஏறுவான். நீங்க நோட்டுக்குப் போவாதீங்க. ஒப்பாரியவே புடிச்சுக்கிட்டு இருங்க. பெட்டி நிக்கலைன்னா நாடகம் நிக்காது, நாடகம் நிக்கலைன்னா அவன் என்னா பண்ணுவான்?"

"சரிங்கக்கா. நான் வுடமாட்டேனுங்க," என்றேன். பெட்டி மேல் கை வைத்துச் சொன்னேன்.

ஒப்பாரிக் காட்சி வரும்போது கிழக்கு வெளுக்கத் தொடங்கியிருந்தது. வெள்ளைப் புடவையில் செங்கமலம் உட்கார்ந்து எடுத்தார். முன்வரிசை நாற்காலி ஒன்று கிறீச்சிட்டது. மிட்டாதார் தடியை ஆளிடம் கொடுத்துவிட்டு ஏறி வந்தார். சாராய வாடை எனக்கே அடித்தது. படுதா ஓரத்திலிருந்து எங்கள் ஏஜெண்டு மாரப்பன் என்னைப் பார்த்து, "நோட்டு! டேய், நோட்டு வாசிடா!" என்று பல்லைக் கடித்தார்.

வாசித்தேன்.

என்னை நீங்கள் திட்டலாம். புருஷன் செத்துக் கிடக்கிறான், பெண்டாட்டி மார்பில் அடித்துக்கொண்டு அழுகிறாள், நான் கல்யாண ஊர்வலத்துக்கு வாசிப்பதுபோல நோட்டு வாசிக்கிறேன். செங்கமலம் ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம்கூட இல்லை. எழுந்திருக்கவில்லை, பாட்டையும் நிறுத்தவில்லை. ஊக்கைத் திறந்துகொண்டு குனிந்தவரைப் பார்த்து, அவரையே பிணமாக வைத்து ஒப்பாரியைத் திருப்பிவிட்டார்! அவர் மிட்டாவின் பெயரைச் சொல்லி, அவர் ஏறிவந்த குதிரை வண்டியைச் சொல்லி, வெள்ளிப்பூண் தடி அனாதையாகிவிட்டதே என்று சொல்லி, மார்பில் அடித்து அடித்து அழுதார். உயிரோடு நிற்கிறவனுக்கு ஒப்பாரி! எங்கள் பக்கத்தில் அதைவிடப் பெரிய அபசகுனம் கிடையாது. நான் பயத்தில் பெட்டியிலிருந்து கையையே எடுத்துவிட்டேன். சுருதி இல்லாமல், துணை இல்லாமல், அவர் தனியாகப் பாடினார். மிட்டாதார் முகம் வெளுத்து, நாலு எட்டுப் பின்னால் போய், வேட்டி தடுக்கி மேடையிலிருந்து விழுந்தார். யாரும் சிரிக்கவில்லை. பின்வரிசையில் ஒரு பெண் மட்டும் ஒப்பாரியோடு சேர்ந்து உண்மையாகவே அழ ஆரம்பித்துவிட்டாள்.

பொழுது ஏறியதும் ஆள் வந்தது. படுதா, சீன், எங்கள் பெட்டி எல்லாம் மிட்டாதார் வீட்டு வண்டியில் ஏறிவிட்டன.

"எசமான் வூட்டுல எழவு வூடு மாதிரி அடுப்பே பத்த வெக்கலயாம்மா," என்றார் மாரப்பன். "வந்து ஆயுசுப் பாட்டு ஒண்ணு பாடிக் கழிச்சிடு. இத்தன பேரு பொழப்பு உன் வாயில இருக்குது. ஒரு ஊக்குக்கா இத்தன அக்கப்போரு?"

"அவரு கை என்மேல பட்டா தப்பில்ல, என் வாயி அவருமேல பட்டா தப்புங்களா?" என்று கேட்டார் செங்கமலம். ராஜா வேஷக்காரர் மீசையை ஒட்டிய பசையைச் சுரண்டிக்கொண்டிருந்தார். பபூன் தரையைப் பார்த்தார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள், நான் என் விரல்களைப் பார்த்தேன்.

மிட்டாதார் வீட்டு வாசலில் செங்கமலத்தைத் தலையோடு குளிக்கச் சொல்லி, ஈரப்புடவையோடு நிற்க வைத்தார்கள். சுற்றிலும் ஆண்கள். மிட்டாதார் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என் பெட்டியை இறக்கிக் கொடுத்தார்கள். செங்கமலம் நடுங்கிக்கொண்டே அவருக்கு நூறு வயசு என்று பாடினார். நான் வாசித்தேன். அன்றைக்குப் பார்த்து ஒரு கட்டைகூடத் தவறவில்லை. என் ஆயுளில் அவ்வளவு சுத்தமாக நான் வாசித்ததே கிடையாது, நாசமாய்ப் போன கை!

முடிந்ததும் மிட்டாதாருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "பையன் பலே கெட்டிக்காரன்டா," என்று எழுந்து வந்து, முந்தின இரவு குத்தாமல் போன அந்த மெடலை என் சட்டையில் குத்தினார். சட்டையைத் தனியே இழுத்துப் பிடித்து, சதையில் படாமல், பதமாகக் குத்தினார்.

"ரொம்ப சந்தோசமுங்க எசமான்," என்றேன். என் வாய்தான் சொன்னது. என் கல்யாணப் போட்டோவிலும் அந்த மெடலோடுதான் நிற்கிறேன், பார்த்தால் காறித் துப்பத் தோன்றுகிறது.

திரும்பும்போது தொப்பூர்க் கணவாயில் கரி கிளற பஸ்ஸை நிறுத்தினார்கள். இறங்கி நின்றோம். செங்கமலம் ஒரு கல்மேல் உட்கார்ந்து ஈரத் தலையை உலர்த்திக்கொண்டிருந்தார். பக்கத்தில் போய், "அக்கா" என்றேன்.

"நல்லா வாசிச்சீங்க தம்பி," என்றார். கேலியே இல்லாமல் சொன்னார். அதற்குப் பிறகு எந்த ஊர் நோட்டீசிலும் அவர் பெயரை நான் பார்க்கவில்லை. தேடவும் இல்லை, உண்மையைச் சொல்லிவிடுகிறேன்.

மிட்டாக்களைச் சர்க்கார் ஒழித்தது. கியாஸ் விளக்கு போனது, சந்தைத் திடலில் கொட்டகை போடுவதும் நின்றது. மெடல் குத்துகிறவர்களும் போய்ச் சேர்ந்தார்கள். இதில் எதற்கும் நான் ஒரு சொட்டுக் கண்ணீர் விட மாட்டேன், தொலையட்டும். எனக்கு வேண்டியது வேறு. விழாவிலிருந்து வந்த நாளாக உட்கார்ந்து உட்கார்ந்து யோசிக்கிறேன். அன்று செங்கமலம் கட்டிப் பாடிய ஒப்பாரியில் ஒரு அடி வேண்டும், ஒரே ஒரு அடி. சாரம் தெரிகிறது, சொல் வரவில்லை, மெட்டும் வரவில்லை. எனக்குப் பாட்டெல்லாம் விரலில்தான் நிற்கும், அன்றைக்கு விரல் பெட்டியில் இல்லை. ஆயுசுப் பாட்டு மட்டும் முதல் அடியிலிருந்து கடைசி அடிவரை அட்சரம் பிசகாமல் வருகிறது. சோற்றுக்கு உட்கார்ந்தால் இந்தக் கை தட்டின் ஓரத்தில் அதைத்தான் வாசிக்கிறது.