மூன்று களஞ்சியம் உடைத்தவன்

நாங்கள் புலம்பெயர்ந்து வந்த வால்தம்ஸ்டோவில் எங்கள் ஊர்ச் சங்கத்து ஆண்டு விழா நாடகங்களில் நான்கு வருடம் வாயில்காப்போனாக நின்றவன் நான். வசனம் ஒன்றே ஒன்று: "மன்னர் வருகிறார்." அதையும் ஒரு வருடம் மன்னர் வந்து உட்கார்ந்த பிறகுதான் சொன்னேன்.

இந்த முறை கொள்ளைத் தலைவன் வேடம் எனக்கு வந்தது. திறமையால் அல்ல, வழக்கமாக நடிப்பவருக்கு முழங்கால் ஒப்பரேசன். கதை இதுதான்: விளைச்சலில் பாதியைப் பிடுங்கும் சிற்றரசனை எதிர்த்து ஓர் உழவன் காட்டுக்குள் போகிறான். களஞ்சியத்தை உடைத்து ஊருக்கு நெல் கொடுத்துப் பெரிய தலைவனாகிறான். கடைசியில் கூட்டாளியே காட்டிக்கொடுக்க, தலையை இழக்கிறான். சாகுமுன் அவன் பாடும் பன்னிரண்டு வரிப் பாட்டுக்காகத்தான் நான் ஒப்புக்கொண்டேன். சபையை அழவைத்தே தீருவது என்று மூன்று மாதம் பஸ்ஸின் மேல்தட்டில் பாடிப் பழகினேன். பக்கத்து இருக்கை எப்போதும் காலியாகவே இருந்தது.

விழாவன்று களஞ்சியத்தை உடைத்து, நெல்லுக்குப் பதிலாகப் பொரியைச் சபைக்குள் அள்ளி வீசினேன். விசில் பறந்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. நாடகத்தில் ஒரு களஞ்சியம்தான். நான் மூன்றை உடைத்தேன். செத்துக் கிடந்த காவலர்கள் ஒவ்வொரு முறையும் எழுந்து வந்து மறுபடி சாக வேண்டியிருந்தது.

நாடகத்தை எழுதியவரே சிற்றரசன். தன் முறை வருமுன்பே மேடைக்கு வந்து மீசைக்குள்ளால் உறுமினார்.

"எட, ஆறு மணிக்கு மண்டபத்தைப் பூட்டிப்போடுவாங்கள். இன்னும் அஞ்சு நிமிசம்தான். கெதியாச் சா."

"அண்ணை, என்ர பாட்டு?"

"உன்ர மூண்டு களஞ்சியமும் பாட்டைத் திண்டிட்டுது. காட்டிக்குடுக்கிற சீனும் வெட்டு. குனி!"

வாள் விழுந்தது. ஐம்பது நிமிடமாக உயர்ந்தவன் அரை நிமிடத்தில் விழுந்தேன். ஆனால் மூன்று மாதப் பாட்டு தொண்டைக்குள் நிற்கும்போது மனிதன் எப்படிச் சாவது? கிடந்தபடியே தொடங்கிவிட்டேன்.

முன்வரிசையிலிருந்து என் மனைவியின் குரல் வந்தது: "என்னப்பா, தலை போனாப் பிறகுமோ?"

சபை அழுதது என்று சொல்ல மாட்டேன். சிரித்துச் சிரித்துப் பொரி புரையேறி இருமியது. சிற்றரசன் என் காலைப் பிடித்து இழுத்தார். தொண்ணூற்றிரண்டு கிலோ, அசையவில்லை. நான் ஆறாம் வரிக்குப் போய்விட்டேன். அப்போது, காட்சி வெட்டுப்பட்ட கோபத்தில் திரையோரம் நின்ற, காட்டிக்கொடுக்கும் கூட்டாளி வேடக்காரர் ஓடிவந்து மற்றக் காலைப் பிடித்தார். பிடித்ததும் என்னைச் சுட்டிக்காட்டி, முழுத் தொண்டையில் முழங்கினார்:

"பிரபுவே, நீங்கள் தேடும் கள்ளன் இவன்தான்!"

அன்றைக்கு விழுந்த கைதட்டலில் பெரியது அவருக்குத்தான். ஏழாம் வரியை நான் திரைக்குப் பின்னால் பாடினேன்.